மழை விட்ட மறுநாள் ஏற்காடு மலை கிட்ட வருகிறதா?

அக்டோபர் 17, காலை. சேலம் அம்மாபேட்டை வாசகி ஒருவரின் கேள்வி

ராத்திரி முழுக்க நல்ல மழை. காலையில் மொட்டை மாடிக்குத் துணி காயப்போடப் போனால் ஏற்காடு இருக்கிற சேர்வராயன் மலை பக்கத்துத் தெருவில் நிற்கிற மாதிரி தெரிகிறது. மடிப்பு, பாறை, மரக்கூட்டம் எல்லாம் தனித்தனியாக. போன வாரம் இதே மாடியில் நின்றபோது வெளிறிய நீலமாக எங்கேயோ இருந்தது. வீட்டுக்காரரிடம் சொன்னால், "மலை அங்கேயேதான் இருக்கு, எல்லாம் உன் மனசு" என்கிறார். எனக்கு மட்டும்தான் இப்படித் தெரிகிறதா?

அக்டோபர் 17, இரவு

உங்களுக்கு மட்டும் இல்லைங்க அக்கா. இன்று காலை அஸ்தம்பட்டி ரவுண்டானா தாண்டி வண்டியை ஓரம் கட்டி நானும் பார்த்தேன். மளிகைச் சரக்கு ஏற்றிக்கொண்டு ஏற்காட்டுக்குக் குட்டியானை ஓட்டுகிறவன் நான். அந்த மலையைப் பார்க்காமல் என் நாள் போவதில்லை.

உங்கள் மாடிக்கும் மலைக்கும் நடுவில் பல கிலோமீட்டர் காற்று இருக்கிறது. அதில் தூசி, புகை, ஈரம். வெளிச்சம் இவற்றில் பட்டுச் சிதறுவதால்தான் மலை வெளிறி நீலமாகிறது. தூரம் கூடக் கூட மங்கலும் கூடும். சின்ன வயதிலிருந்தே இதைக் கண் பழகி வைத்திருக்கிறது: மங்கலாக இருந்தால் தூரம், பளிச்சென்று இருந்தால் பக்கம். ஓவியர்களுக்கு இது பழைய பாடம். லியனார்டோ டா வின்சி 500 ஆண்டுகளுக்கு முன்பே, தொலைவில் உள்ள மலையை நீலமாகத் தீட்ட வேண்டும் என்று குறிப்பு எழுதி வைத்தார். மழை தூசியைக் கழுவிவிட்டால் மலை பளிச்சென்று ஆகிறது. நாம் பழைய கணக்கையே போட்டுக் "கிட்ட வந்துவிட்டது" என்கிறோம்.

வீட்டுக்காரர் சொன்னபடி மலை நகரவில்லை, சரி. ஆனால் காற்று நிஜமாகவே மாறியிருக்கிறது. நீங்கள் கண்டது அந்த மாற்றத்தைத்தான். அதை மனசு என்று தள்ளிவிட முடியாது.

அக்டோபர் 18

சோதித்துப் பார்க்க வழி கேட்டிருக்கிறீர்கள். கையை முழுக்க நீட்டி, கட்டைவிரலை மலையின் மேல் வைத்து, அடியிலிருந்து உச்சிவரை எத்தனை விரல் உயரம் என்று பாருங்கள். மங்கலான நாளிலும் அதே மாடியில் அதே இடத்தில் நின்று செய்யுங்கள். விரல் கணக்கு மாறாது. உதிக்கும் நிலா பெரிதாகத் தெரிவதையும் இப்படியே பார்க்கலாம். உச்சிக்கு வந்த பிறகும் அதே அளவுதான் இருக்கும்.

அக்டோபர் 21

மலைப் பேச்சில் இன்னொன்று. ஜோலார்பேட்டை பக்கமிருந்து ரயிலில் வந்தால் மேக்னசைட் ஜங்ஷன் அருகில் வெள்ளை வெளேரென்று மேடுகள் தெரியும். வேதாரண்யத்திலிருந்து வந்த என் சகலை அதைப் பார்த்ததும், "மலையடிவாரத்தில் ஏதுப்பா உப்பளம்?" என்றார். அவர் மகள் ஐஸ் என்றாள். வெள்ளைக்காரர்கள் அதைச் சாக்கட்டி நிறமாகக் கண்டு சாக் ஹில்ஸ் என்று பெயர் போட்டுவிட்டுப் போனார்கள். அங்கே இருப்பது மேக்னசைட், அதாவது மெக்னீசியம் கார்பனேட். உருக்கு உலைகளின் உட்புறத்தில் சூடு தாங்கும் செங்கல் செய்ய அது போகிறது.

என் மாமா அந்தச் சுரங்கத்தில் வேலை பார்த்தவர். நாங்கள் எல்லாரும் வெள்ளை என்று சொல்லிக் கடந்துபோகிற கல்லை அவர் உடைத்து, திருப்பி, எது உலைக்குப் போகும், எதில் சிலிக்கா கூடுதல் என்று பிரித்துவிடுவார். அவர் கண்ணும் என் கண்ணும் ஒன்றுதான். பழக்கம் வேறு. சகலை உப்பைக் கண்டதும் பழக்கம், மாமா சிலிக்காவைக் கண்டதும் பழக்கம். ஆனால் மாமாவின் பழக்கம் கல்லை உடைத்துப் பார்த்து வந்தது. இந்த வித்தியாசத்தை நான் பெரிதாக நினைக்கிறேன்.

அக்டோபர் 25

"அப்போ எல்லாம் அவரவர் பார்வைதானே, விடுங்க" என்று சூரமங்கலம் நண்பர் எழுதியிருக்கிறார். இல்லை நண்பரே, இதை விட எனக்கு மனமில்லை.

என் அக்கா ஜவுளிக்கடையில் சேலை பிரிவில் இருக்கிறார். சேலைக்கு மேட்ச்சாக ரவிக்கைத் துணி எடுக்க வந்தவர் கடை விளக்கில் இரண்டும் ஒரே நிறம் என்பார். வாசலுக்கு எடுத்துப் போனால் ஒன்று பழுப்புச் சாய்வு, ஒன்று பச்சைச் சாய்வு. அம்மாவும் மகளும் கடைக்குள் ஒருவர், வாசலில் ஒருவர் நின்று சண்டை போடுவதும் உண்டு. இரண்டு சாயங்கள் வெவ்வேறு அலைநீளங்களைத் திருப்பி அனுப்பினாலும், ஒரு குறிப்பிட்ட வெளிச்சத்தில் மட்டும் கண்ணுக்கு ஒன்றாகப்படும். வெளிச்சம் மாறியதும் குட்டு உடையும். அதனால்தான் பழைய வியாபாரிகள் துணியை வெயிலில் காட்டுவார்கள். அம்மாவும் பொய் சொல்லவில்லை, மகளும் பொய் சொல்லவில்லை. நின்ற இடம் வேறு, அவ்வளவுதான். இடத்தைச் சொன்னால் சண்டை தீர்ந்துவிடும்.

2015 பிப்ரவரியில் உலகமே ஒரு உடுப்பின் படத்தை வைத்து அடித்துக்கொண்டது ஞாபகம் இருக்கும். பாதிப் பேருக்கு நீலமும் கறுப்பும், மற்றவர்களுக்கு வெள்ளையும் தங்கமும். படம் மோசமான வெளிச்சத்தில் எடுத்தது. எந்த வெளிச்சம் என்று தெரியாததால் ஒவ்வொருவர் மூளையும் ஒன்றை ஊகித்துக் கழித்தது. நிழலில் உள்ள பகல் வெளிச்சம் என்று எடுத்துக்கொண்டவர் நீலத்தைக் கழித்து வெள்ளையைக் கண்டார். பல்பு வெளிச்சம் என்று எடுத்துக்கொண்டவர் நீலத்தைக் கண்டார். 2017-ல் பாஸ்கல் வாலிஷ் என்ற ஆய்வாளர் ஆயிரக்கணக்கானவர்களைக் கேட்டுப் பார்த்ததில், விடியலில் எழுகிறவர்கள் வெள்ளை என்றது சற்றுக் கூடுதலாக இருந்தது. பகல் வெளிச்சத்தில் அதிகம் பழகியவர்கள் அல்லவா. நம் ஊரில் ராத்திரி ஷிஃப்ட் தறி ஓட்டுகிறவர்களிடம் யாராவது கேட்டுப் பார்த்தால் நன்றாக இருக்கும்.

ஆனால் அந்த உடுப்பு நிஜத்தில் நீலமும் கறுப்பும். கடையில் இருந்தது, பார்த்தார்கள், முடிந்தது. பார்வை பலவாக இருப்பதால் பொருளும் பலவாகிவிடாது. "அவரவர் பார்வை" என்று பேச்சை முடித்தால் வாசலுக்குத் துணியை எடுத்துப் போகிறவர் யார்?

அக்டோபர் 31

ஏற்றம் பற்றி. சேலம் கடல் மட்டத்திலிருந்து ஏறக்குறைய 280 மீட்டர், ஏற்காடு 1500 மீட்டர் வாக்கில். நடுவில் 30 கிலோமீட்டர் சொச்சம். வகுத்துப் பார்த்தால் சராசரிச் சாய்வு 3 டிகிரிகூட இல்லை. நகரத்துக்குள் ஓடும் சமதளத்தைக் கழித்தாலும் 4 டிகிரியைத் தாண்டாது. முதல் தடவை வருகிறவரிடம் கேளுங்கள், சுவர் மேல் ஏறுகிறோம் என்பார்.

வர்ஜீனியா பல்கலைக்கழகத்தில் டென்னிஸ் பிராஃபிட் குழு 1995-ல் இதை அளந்தது. 5 டிகிரி சரிவை மக்கள் 20 டிகிரி வாக்கில் சொன்னார்கள். 1999-ல் முகுல் பல்லாவும் பிராஃபிட்டும் இன்னொரு படி போனார்கள். முதுகில் கனமான பை மாட்டியவர்கள், ஓடிக் களைத்தவர்கள், வயதானவர்கள் இன்னும் செங்குத்தாகச் சொன்னார்கள்.

படித்தபோது என் அனுபவமே அச்சில் வந்தது என்று தோன்றியது. அரிசி மூட்டை ஏற்றிய நாளில் கொண்டை ஊசி வளைவுகள் முகத்துக்கு நேராக எழுந்து நிற்கும். காலி வண்டியில் அதே வளைவு படுத்துக் கிடக்கும். மேலே ஒரு கிராமத்துப் பெரியவரிடம், "இந்த ஏற்றம் ரொம்பச் செங்குத்துங்களா ஐயா?" என்று கேட்டேன். விறகுக் கட்டோடு நின்றவர் திரும்பிப் பார்த்துவிட்டு, "ஏத்தமா? எங்க சாமி?" என்றார்.

நவம்பர் 3

மேலே எழுதியதற்கு மறுபக்கமும் உண்டு. 2009-ல் ஃபிராங்க் டர்ஜின் குழு பை மாட்டும் சோதனையைத் திரும்பச் செய்தது. ஒரு சாராரிடம் பைக்குள் தசையை அளக்கும் கருவி இருக்கிறது என்று சொன்னார்கள். அவர்களுக்குச் சாய்வு கூடவில்லை. "எதற்குப் பை மாட்டுகிறார்கள்" என்று ஊகித்தவர்களே கூட்டிச் சொன்னார்கள். அதாவது பார்வை மாறவில்லை, சொன்ன பதில்தான் மாறியது என்பது அவர் வாதம். இந்த வழக்கு இன்னும் ஓய்ந்தபாடில்லை.

இரண்டையும் வைத்துக்கொண்டு நேற்று மலை ஏறினேன். சரக்கு ஏற்றிய நாளில் எனக்கு வளைவு செங்குத்தாகத் தெரிகிறதா, இல்லை கியரைக் குறைக்க வேண்டுமே என்ற நினைப்பில் அப்படிச் சொல்லிக்கொள்கிறேனா? நேர்மையாகச் சொன்னால் பிரிக்க முடியவில்லை. பிராஃபிட்டின் சோதனையிலேயே ஓர் அருமையான விஷயம் இருக்கிறது. வாயால் 20 டிகிரி என்றவரை, கையைப் பார்க்காமல் ஒரு பலகையை உள்ளங்கையால் சாய்த்துக் காட்டச் சொன்னால் உண்மைக்கு மிக அருகில் காட்டினார். என் காலும் அப்படித்தான் போலிருக்கிறது. ஆக்ஸிலரேட்டரை எவ்வளவு மிதிக்க வேண்டும் என்று அது தப்பாமல் செய்கிறது, வாய் என்ன சொன்னாலும்.

நவம்பர் 16

மேகம் இறங்கிவிட்டது. இன்று மேலே பாதி வளைவுகளில் முன்னால் போகிற பைக்கின் சிவப்பு விளக்கு மட்டும்தான். புதிதாக மலைக்கு வண்டி எடுப்பவர்கள் இதைக் கட்டாயம் படியுங்கள்.

1998-ல் நேச்சர் இதழில் ராபர்ட் ஸ்னோடன் குழு எழுதியது: காட்சி முழுவதும் சீராக மங்கினால் வேகம் குறைவாகத் தோன்றும். பயிற்சித் திரையில் ஓட்டியவர்கள் பனி கூடக் கூட வேகத்தைக் கூட்டினார்கள், அது தெரியாமலே. அதனால் மேகத்துக்குள் நுழைந்தால் உணர்வை நம்பாமல் ஸ்பீடோமீட்டர் முள்ளைப் பாருங்கள். ஹை பீம் போடாதீர்கள். வெளிச்சம் நீர்த்துளிகளில் பட்டு உங்கள் கண்ணுக்கே திரும்பும், சாலை இன்னும் மறையும். லோ பீம், ஓரக்கோடு, வளைவில் ஹாரன்.

நவம்பர் 19

"எனக்கு மேகத்தில் வேகம் கூடுதலாகத்தான் தெரியும், தானாகவே கால் பிரேக்குக்குப் போகும்" என்று கன்னங்குறிச்சி தம்பி சொல்கிறார். அதற்கும் ஆதாரம் இருக்கிறது தம்பி. 2012-ல் பாவ்லோ பிரெட்டோ குழு சொன்னது இதுதான்: இயற்கையான பனி சீராக மங்காது. கிட்டத்தில் சாலை தெளிவு, தூரத்தில் ஒன்றுமில்லை. கிட்டத்துச் சாலை விர்ரென்று ஓடுவது மட்டும் கண்ணில் பட, வேகம் கூடுதலாகத் தோன்றி ஓட்டுநர் மெதுவாகிறார். கண்ணாடி ஆவி படிந்து முழுக்க மங்கினால் முதல் கதை, வெளியே பனி மட்டும் என்றால் இரண்டாவது கதை. என் வண்டியில் ஏசி கிடையாது, மழையில் ஜன்னலை ஏற்றினால் உள்ளே ஆவி படியும். அதனால் இரண்டும் ஒரே பயணத்தில் மாறி மாறி வருகிறது. முள்ளைப் பார்ப்பதில் மட்டும் மாற்றமில்லை. கண்ணாடியையும் துடையுங்கள்.

நவம்பர் 22

"பக்கத்து சீட்டில் இருந்த மாமியார் காட்டெருமையைப் பார்த்தார், ஓட்டிய நான் பார்க்கவில்லை, வீட்டில் யாரும் நம்பவில்லை" என்று ஒருவர் எழுதியிருக்கிறார். நம்பச் சொல்லுங்கள். 1999-ல் சைமன்ஸ், சாப்ரிஸ் என்ற உளவியல் ஆய்வாளர்கள் பந்து எறியும் காணொளியைக் காட்டி, பந்தைக் கைமாற்றுவதை எண்ணச் சொன்னார்கள். கொரில்லா வேடமிட்டவர் நடுவில் வந்து மார்பில் தட்டிவிட்டுப் போனார். ஏறக்குறைய பாதிப் பேர் கவனிக்கவே இல்லை. 2013-ல் நுரையீரல் ஸ்கேன் படத்துக்குள் சின்னக் கொரில்லாவை ஒட்டிவைத்துக் கதிரியக்க மருத்துவர்களிடம் கொடுத்தபோது 24 பேரில் 20 பேர் தவறவிட்டார்கள். அவர்கள் கட்டியைத் தேடினார்கள், நீங்கள் எதிர் வண்டியைத் தேடினீர்கள். உங்கள் வேலையை நீங்கள் ஒழுங்காகச் செய்திருக்கிறீர்கள். மாமியார் அவர் பார்த்ததைப் பார்த்திருக்கிறார்.

அதற்குக் கீழே ஒருவர், "அரண்டவன் கண்ணுக்கு இருண்டதெல்லாம் பேய், அது தார் டிரம்மாக இருக்கும்" என்கிறார். இருக்கலாம். மாமியார் பார்த்த வளைவில் டிரம் கிடக்கிறதா என்று நாளைக்குப் பார்த்துவிட்டுச் சொல்கிறேன்.

நவம்பர் 23

டிரம் எதுவும் இல்லை. சாணம் இருந்தது, எந்த மாட்டுடையது என்று எனக்குச் சொல்லத் தெரியாது. மாமியார் பக்கம் ஒரு மதிப்பெண் ஏறுகிறது.

நவம்பர் 28

இதுவரை கண்ணைப் பற்றியே பேசினோம். மலையின் உச்சியைப் பற்றியும் சொல்ல வேண்டும். சேர்வராயன் கோயில் இருக்கும் இடம் 1600 மீட்டருக்கும் மேலே. ஏறிப் பார்த்தால் கூம்பாக இருக்காது, பரந்த சமதளம். சுற்றுலா வருகிறவர் காற்றாடி விட நல்ல இடம் என்பார். மண்ணியல் படித்தவர் அந்தச் சமதளத்தைப் பார்த்த உடனே பாக்சைட் என்பார். வெகுகாலம் வெயிலிலும் மழையிலும் கரைந்த பாறையின் எச்சம் இப்படிப்பட்ட மேட்டுச் சமதளத்தில்தான் தங்கும். மேட்டூர் அலுமினியத் தொழிற்சாலைக்கு இங்கிருந்து அது வெட்டிப் போனது. 1820களில் கலெக்டர் காக்பர்ன் இதே மலையைப் பார்த்தபோது உயரமும் குளிரும் நிழலும் கண்டார், காபிச் செடி கொண்டுவந்தார். மலையாளி பழங்குடி மக்களுக்கோ (கேரளத்தோடு சேர்க்க வேண்டாம், தமிழ் பேசுகிறவர்கள்) அந்த உச்சி சாமி. குகைக்குள் சேர்வராயன் இருக்கிறார். மே மாதத் திருவிழாவுக்குச் சுற்றுக் கிராமங்கள் எல்லாம் அங்கே கூடும்.

நான்கு பேர் பார்த்ததும் அங்கே இருக்கிறது. பாக்சைட் பொய்யில்லை, குளிர் பொய்யில்லை. ஆனால் யார் பார்த்தது காகிதத்தில் ஏறுகிறது என்பது கண் சம்பந்தப்பட்டது இல்லை, அதிகாரம் சம்பந்தப்பட்டது. வரைபடம் போட வருகிறவர் கோயிலுக்கு வருகிறவரிடமும் ஒரு வார்த்தை கேட்க வேண்டும் என்று நான் உறுதியாக நினைக்கிறேன்.

டிசம்பர் 6

அம்மாவுக்குப் புரை ஆபரேஷன் ஆனது. ஒரு கண்ணில் மட்டும். கட்டு அவிழ்த்து வீட்டுக்கு வந்ததும் அப்பாவின் வெண்பட்டு வேட்டி கொடியில் காய்ந்துகொண்டிருந்தது. "யாரு இவ்வளவு நீலம் போட்டது?" என்று கோபப்பட்டார். யாரும் சொட்டு நீலம் போடவில்லை. பிறகு ஒரு கண்ணை மூடி ஒரு கண்ணால் சுவரைப் பார்த்தார், மாற்றிப் பார்த்தார். பழைய கண்ணில் பழுப்பேறிய சுவர், புதுக் கண்ணில் வெள்ளைச் சுவர். அன்று முழுக்க வீட்டில் ஒவ்வொரு பொருளையும் இப்படி மாற்றி மாற்றிப் பார்த்துக்கொண்டே இருந்தார். "இத்தனை வருஷமா மஞ்சளாவா பாத்துட்டு இருந்தேன்?" என்று கேட்டார். பக்கத்தில் உட்கார்ந்திருந்த எனக்குப் பதில் வரவில்லை.

வயதாக ஆகக் கண்ணின் வில்லை (லென்ஸ்) பழுப்பேறி நீல வெளிச்சத்தைத் தடுக்கும். மெதுவாக நடப்பதால் மூளை ஈடுகட்டிக்கொண்டே வரும், ஆளுக்குத் தெரியாது. வில்லையை மாற்றியதும் நீலம் திடீரென்று உள்ளே வருகிறது. அதற்கும் மூளை பழகச் சில மாதங்கள் பிடிக்கும். ஓவியர் குளோத் மொனேவுக்கு 1923-ல் ஆபரேஷன் ஆன பிறகு எல்லாம் நீலமாகத் தெரிவதாக அவரும் புலம்பியிருக்கிறார். காமாலைக் கண்ணுக்குக் கண்டதெல்லாம் மஞ்சள் என்பார்கள். காமாலைக்காரருக்குப் பொதுவாக அப்படித் தெரிவதில்லை. மஞ்சளாகத் தெரிவது புரை விழுந்தவருக்கு.

அக்டோபர் 21-ல் பழக்கம் என்று எழுதியதோடு இதையும் சேர்த்துக்கொள்ளுங்கள். கண் என்ற கருவியும் ஆளுக்கு ஆள் வேறு. "அவர் கண்ணும் என் கண்ணும் ஒன்றுதான்" என்ற வரிக்கு அம்மா நீலமாகக் கண்ட வேட்டி ஒரு எல்லை போட்டுவிட்டது.

டிசம்பர் 14

மேலே காபி பறிப்பு ஆரம்பித்துவிட்டது. சரக்கு இறக்கப் போன ஒரு தோட்டத்தில் பாலிடெக்னிக் படிக்கிற பையன் லீவுக்குப் பாட்டியோடு பறிக்க வந்திருந்தான். அவன் கூடையில் பச்சைக் காய் கலந்து கிடக்க, மேஸ்திரியம்மா சத்தம் போட்டுக்கொண்டிருந்தார். "கண்ணு எங்க வெச்சிருக்க? செவப்புக்கும் பச்சைக்கும் வித்தியாசம் தெரியலயா?" பையன் தலையைக் குனிந்துகொண்டான். கொஞ்ச நேரம் கவனித்தேன். ஒவ்வொரு பழத்தையும் விரலால் அழுத்திப் பார்த்துப் பறிக்கிறான். பழுத்ததை அழுத்தினால் கொட்டை வழுக்கி வெளியே வரும், காய் வராது. நேரமாகும்போது அழுத்தாமல் பறிப்பான், அப்போதுதான் காய் கலக்கிறது.

அவனுக்கு நிஜமாகவே தெரியவில்லை என்று எனக்குத் தோன்றியது. சிவப்பு-பச்சை நிறக்குறை. மரபணு எக்ஸ் குரோமோசோமில் இருப்பதால் பெரும்பாலும் ஆண்களுக்கே வரும். அம்மாவின் அப்பாவிடமிருந்து பேரனுக்கு, இடையில் அம்மாவுக்குத் தெரியாமலே வரலாம். ஐரோப்பிய வம்சாவளி ஆண்களில் சுமார் 8 சதவீதம். ஆங்கிலேய விஞ்ஞானி ஜான் டால்டன் 1794-ல் தன் கண்ணை வைத்தே இதைப் பற்றி எழுதினார். பாட்டியிடம் தனியாகப் பேசினேன். "அவங்க தாத்தனும் அப்படித்தான் சாமி, செவப்புத் துண்டுனு பச்சைத் துண்டை எடுத்துட்டு வருவாரு" என்றார். யாருக்கும் இத்தனை நாள் இது ஒரு விஷயமாகவே படவில்லை.

மேஸ்திரியம்மாவிடமும் சொன்னேன். நல்ல மனுஷி. "முன்னாடியே சொல்லியிருந்தா மூட்டை கட்டுற வேலைக்குப் போட்டிருப்பேனே" என்று பையனை அழைத்துக்கொண்டு போனார்.

டிசம்பர் 17

அந்தப் பையனைப் பற்றிக் கேட்ட எல்லாருக்கும். இன்னும் டாக்டரிடம் போகவில்லை, பொங்கலுக்குள் சேலத்துக்கு அழைத்து வருவதாகப் பாட்டி சொல்லியிருக்கிறார். எந்தக் கண் மருத்துவரிடமும் இஷிஹாரா தட்டுகள் இருக்கும். 1917-ல் ஜப்பானில் ஷினோபு இஷிஹாரா செய்தது. புள்ளிகளுக்குள் எண்ணைப் படிக்க வேண்டும், சில நிமிட வேலை.

பிள்ளைகளுக்கு முன்கூட்டியே பார்த்துவிடுங்கள். ரயில் ஓட்டுநர் வேலைக்கு நிறப்பார்வை கட்டாயம். அதற்கே படித்துத் தயாராகிக் கடைசி மருத்துவச் சோதனையில் தெரிந்துகொள்வது கொடுமை. டிரைவிங் லைசென்ஸுக்கு அந்த அளவு பயம் வேண்டாம். 2020 ஜூனில் மத்திய அரசு விதியைத் திருத்தி, லேசான, நடுத்தரமான நிறக்குறை உள்ளவர்களுக்கும் உரிமம் தரலாம் என்று ஆக்கிவிட்டது. பையன் என்னிடம் கேட்ட முதல் கேள்வியே அதுதான், "ண்ணா, நான் வண்டி ஓட்டலாமா?"